கன்னத்தில் விழாத அறை

நீவெஸ் கவாட்ஸாவின் இடது கன்னத்துக்குச் சாயம் பூசியவள் நான். இதை நானாக யாரிடமும் சொல்லிக்கொள்வதில்லை. எப்படியோ தெரிந்துகொண்டு வந்துவிடுகிறார்கள். போன வாரம் காய்கறிக் கடையில் ஒருத்தி என் தோளைத் தட்டினாள். "நீங்க டிவியில வந்த அந்த அக்கா தங்கச்சிகூட வேலை பாத்தவங்களாமே? அடேயப்பா, என்னமா சிரிச்சிருக்கோம்! எங்க வீட்டுக்காரர் நாற்காலியிலேர்ந்து உருண்டே விழுந்துட்டார்" என்றாள். சொன்னதோடு நிறுத்தினாளா? பக்கத்தில் நின்ற தன் மகளின் கன்னத்தில் விளையாட்டாக ஒன்று வைத்துக் காட்டினாள். எடுத்த வெங்காயத்தைத் தட்டிலேயே கொட்டிவிட்டு வெளியே வந்துவிட்டேன். 

நீவெஸ் யார் என்று இந்த ஊரில் யாருக்கும் தெரியாது. அடி வாங்கியவள் என்றுதான் தெரியும். ஆனால் அவளைப்போல ஒரு சிரிப்புக்காரியை நான் பார்த்ததில்லை. நான் பார்த்தவர்கள் கொஞ்சநஞ்சம் பேர் இல்லை.

டிவி வருவதற்கு முன்பு நாங்கள் இத்தாலியில் ஊர் ஊராகச் சுற்றிய சினிமாக் கொட்டகைக் கூட்டம். ஒரு படம் முடிந்து அடுத்த படம் தொடங்குவதற்குள் திரைக்கு முன்னால் இருக்கிற ஒட்டு மேடையில் ஆடிப் பாடிச் சிரிக்க வைத்துவிட்டு இறங்கவேண்டும். பார்க்க வந்தவன் படத்துக்குத்தான் காசு கொடுத்திருப்பான். நாங்கள் நடுவில் வந்து நிற்கிற தொல்லை. பிடிக்கவில்லை என்றால் ஆரஞ்சுத் தோல் பறந்து வரும். ஃபெர்ராராவில் ஒரு தடவை செத்த பூனை வந்தது. எங்கள் கூட்டத்தை நடத்தியவள் கவாட்ஸா சகோதரிகளின் அம்மா. மூத்தவள் எர்சிலியா, ஆள் வாட்டசாட்டம், கதவை அடைத்துக்கொண்டு நிற்பாள். இளையவள் நீவெஸ், ஊதினால் பறந்துவிடுவாள் போல இருப்பாள். இருவருக்கும் முகத்தில் சாயம் பூசுவதும் தலையில் பொய்முடி மாட்டுவதும் என் வேலை.

அவர்கள் ஆட்டம் ஒன்றே ஒன்றுதான். எர்சிலியா எஜமானி, நீவெஸ் வேலைக்காரி. எஜமானி அதட்டுவாள், வேலைக்காரி பணிவாக மூக்கை உடைப்பாள், எஜமானி கன்னத்தில் அறைவாள்.

"வந்தவர் என் வயசைக் கேட்டாரே, என்னடி சொன்னே?"

"முப்பதுதான் ஆகுதுன்னு சொன்னேம்மா."

"சமத்து. அதுக்கு என்ன சொன்னார்?"

"அப்ப ஜன்னல்ல உக்காந்திருக்கிற பெரியம்மா யாருன்னு கேட்டாரும்மா."

இங்கே அறை விழும். விழும் என்றால், விழாது. எங்கள் தொழிலில் அடிப்பவள் அடிப்பதில்லை. எர்சிலியாவின் கை நீவெஸின் மூக்குக்கு முன்னால் காற்றைத்தான் வெட்டிக்கொண்டு போகும். சத்தம் நீவெஸின் வேலை. அவள் அரைவாசி திரும்பி நிற்பாள். வயிற்றுக்கு நேரே, கூட்டத்துக்குத் தெரியாமல், தன் இரண்டு கைகளையும் டப்பென்று தட்டுவாள். அடுத்த நொடி கை கன்னத்துக்குப் போய்விடும். அடி வாங்குபவள்தான் அடியின் சத்தத்தைப் போடவேண்டும். மேடைக்கு வருகிற குழந்தைக்குக்கூட முதலில் சொல்லித்தருவது இதுதான்.

இதை எல்லாரும்தான் செய்தார்கள். நீவெஸ் என்ன செய்தாள் தெரியுமா? சத்தத்தைத் தள்ளிப்போட்டாள். எர்சிலியாவின் கை வீசிவிட்டுப் போகும். சத்தம் வராது. நீவெஸ் ஒன்றும் நடக்காத மாதிரி நிற்பாள். எர்சிலியா தன் உள்ளங்கையைத் திருப்பிப் பார்ப்பாள், நின்றுபோன கடிகாரத்தைப் பார்ப்பதுபோல. ஒரு உதறு உதறுவாள், மறுபடி பார்ப்பாள். நீவெஸ் மேஜைமேல் இருக்கிற காப்பித் தட்டை எடுத்துக்கொண்டு மெதுவாக நடந்து மேடை ஓரத்துக்கே போய்விடுவாள். அங்கே நின்று யோசித்து, தட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, அப்போதுதான் 'டப்!' உடனே சுருண்டு விழுவாள். கொட்டகை இடிந்து விழுவதுபோல் சிரிப்பு வரும். எவ்வளவு நேரம் தள்ளிப்போடுவாள் என்று எர்சிலியாவுக்கே தெரியாது. அன்றன்றைக்குக் கூட்டத்தின் மூச்சைக் கேட்டு முடிவு பண்ணுவாள். அந்தக் காது அப்படிப்பட்ட காது.

பிறகு மிலானில் டிவி வந்தது. எங்கள் கொட்டகைகள் காலியாயின. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் மதுக்கடையில் ஒரு பெட்டி, அதன் முன்னால் தெருவே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தது. எர்சிலியாவுக்கு அந்தப் பெட்டிக்குள் போயே ஆகவேண்டும். அம்மாவுக்கும் சம்மதம். நீவெஸ் மட்டும், "அங்க யாரு மூச்சையும் கேக்க முடியாதேக்கா" என்றாள். "மூச்சைக் கேட்டு என்னடி பண்ணப்போறே, சோறு வேணாமா?" என்று எர்சிலியா வாயை அடைத்துவிட்டாள்.

ஞாயிறு ஐந்து மணிக்குப் பாட்டு, ஆட்டம், வேடிக்கை எல்லாம் கலந்து ஒரு நிகழ்ச்சி. அப்போதெல்லாம் எடுத்து வைத்து ஒட்டுகிற வேலை கிடையாது. நடக்க நடக்க நாடு முழுக்கப் போய்ச் சேரும். அதை நடத்தியவர் டாக்டர் பெல்லாத்தி. சட்டம் படித்தவர். எங்கள் நாட்டில் பட்டம் வாங்கிய எல்லாருமே டாக்டர்தான். நகம் வெட்டி மெருகு போட்ட விரல்கள், எப்போதும் வாயில் ஏலக்காய் மாதிரி ஏதோ ஒரு மாத்திரை. அவருக்குப் பக்கத்தில் இன்னொரு கனவான் உட்கார்ந்திருப்பார். ஒழுக்கம் பார்ப்பது அவர் உத்தியோகம். ஆடுகிற பெண்களின் பாவாடையை அளப்பார். 'தொடை' என்று யாரும் சொல்லக்கூடாது, கோழித் தொடையானாலும் சரி. ஒருத்தியை மற்றொருத்தி அறைவதைப் பற்றி அந்த மனிதர் ஒரு தடவையும் வாய் திறக்கவில்லை. அதில் ஒழுக்கக்கேடு எதுவும் அவருக்குத் தென்படவில்லை போலும்.

முதல் ஒத்திகையிலேயே தகராறு, ஆனால் அறையைப் பற்றி இல்லை. உடையைப் பற்றி. எர்சிலியாவுக்கு ஊதா கவுன் கொடுத்தார்கள். படத்தில் ஊதா நன்றாக விழுமாம். மேடைக்காரர்கள் ஊதாவைத் தொடுவோமா? குடி கெட்டுவிடும். எர்சிலியா கவுனைக் காலால் தள்ளினாள். "என்னை இங்கேயே வெட்டிப் போடுங்க, இதை மட்டும் உடுத்த மாட்டேன்" என்று அழுது புரண்டாள். கடைசியில் பெல்லாத்தி இறங்கி வந்து பச்சை கொடுத்தார். இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், முடியாது என்று சொல்ல எர்சிலியாவுக்குத் தெரியும். ஒரு துணிக்காகச் சொன்னாள். கேட்டும் கொண்டார்கள்.

முதல் ஞாயிறு ஆட்டம் படுத்துவிட்டது. முன்னால் ஒன்று, பக்கங்களில் இரண்டு என மூன்று காமெரா. நீவெஸ் எந்தப் பக்கம் திரும்பினாலும் கை தட்டுவது தெரிந்துபோயிற்று. மறுநாள் பெல்லாத்தி கூப்பிட்டார்.

"வீட்ல உக்காந்து பாக்கறவன் முட்டாள் இல்லம்மா. கை தட்டறீங்கன்னு கண்டுபிடிச்சிடறான்."

"முட்டாள் இல்லைன்னு எங்களுக்கும் தெரியும் சார். தியேட்டர்லயும் எல்லாருக்கும் தெரியும். தெரிஞ்சுதான் சிரிக்கிறாங்க" என்றாள் நீவெஸ்.

"அது தியேட்டர். காமெராவுக்குப் பொய் புடிக்காது. நெசமாவே ஒண்ணு வைங்க. லேசா வெச்சா போதும்."

அந்த 'லேசா'வைச் சொல்லும்போது மாத்திரையை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்கு மாற்றினார். நான் பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்கு அந்த ஆளை அன்றைக்கே பிடிக்காமல் போயிற்று.

அடுத்த ஞாயிறு எர்சிலியா நிஜமாக அறைந்தாள். நீவெஸின் முகத்தில் ஒரு திகைப்பு வந்தது. நடிப்பு இல்லை. தங்கச்சியை அக்கா அடித்த திகைப்பு. நாடே சிரித்தது. ஒப்பனை அறைக்கு வந்து எர்சிலியா குலுங்கிக் குலுங்கி அழுதாள். தங்கைக்குப் பிடிக்குமென்று மொர்த்தாதெல்லா இறைச்சி வைத்த ரொட்டி வாங்கி வந்து ஊட்டியே விட்டாள். இரண்டாவது வாரம் ரொட்டி வந்தது, அழுகை வரவில்லை. அதற்கப்புறம் ரொட்டியும் வரவில்லை.

ஏன் வரும்? தெருவில் அவளைத்தானே அடையாளம் கண்டார்கள். "அம்மா, என் மாமியாருக்கு ஒண்ணு வைங்க!" என்று ஆண்பிள்ளைகள் கத்துவார்கள். எர்சிலியா கையை ஓங்கிக் காட்டுவாள். கூட்டம் கும்மாளம் போடும். நரித்தோல் காலர் வைத்த கோட்டு வந்தது. வீசுகிற கையில் மோதிரம் வந்தது. நான்தான் ஒவ்வொரு ஞாயிறும் கத்தி அந்த மோதிரத்தைக் கழற்ற வைத்தேன். "மறந்துட்டேன் இர்மா, என்ன இப்ப?" என்பாள்.

நீவெஸுக்குக் கிடைத்தது வேறு. ஒருநாள் நானும் அவளும் டிராமில் போய்க்கொண்டிருந்தோம். நல்ல உடுப்புப் போட்ட ஒருவர், தலையில் தொப்பி, கையில் இனிப்புப் பொட்டலம். அவளை உற்றுப் பார்த்தார், முகம் மலர்ந்தது. வணக்கம் இல்லை, ஒன்றும் இல்லை. நேராக வந்து அவள் கன்னத்தில் பளிச்சென்று ஒன்று வைத்தார். டிராமே சிரித்தது. அவர் தொப்பியைத் தூக்கி எல்லாருக்கும் மரியாதை செய்தார். தான் ஒரு தப்பு செய்தோம் என்று அந்த மனிதருக்குத் தோன்றவே இல்லை. அன்பாகச் செய்ததாக நினைத்துக்கொண்டிருந்தார். நான் அவர் பொட்டலத்தைப் பிடுங்கி ஜன்னல் வழியாக வீசினேன்.

"விடுங்கக்கா" என்றாள் நீவெஸ். "அவருக்கு என்ன தெரியும்? எங்கக்கா பண்ணா, அவரும் பண்றாரு."

பெல்லாத்திக்கு அதுவும் போதவில்லை. ஒருநாள் என்னிடம் வந்தார். "இர்மா, விரல் அச்சு படத்தில சரியா விழல. அந்தம்மா உள்ளங்கையில கரி தடவி விடு. அறையும்போது அஞ்சு விரலும் கன்னத்தில அப்படியே பதியணும்" என்றார். சுட்ட கார்க்கின் கரியைச் சொன்னார். மீசை வரைவதற்கு நாங்கள் வைத்திருப்பது.

"நான் முகத்துக்குத்தான் பூசுவேன் சார். அடிக்கிற கைக்குப் பூச மாட்டேன்" என்றேன்.

சிரித்துவிட்டுப் போய்விட்டார். நான் பூசவில்லை. எர்சிலியா தானே என் பெட்டியைத் திறந்து, கார்க்கை எடுத்து, உள்ளங்கையில் நன்றாகத் தேய்த்துக்கொண்டாள். கண்ணாடியில் கையைக் காட்டி அழகு பார்த்தாள். அந்தக் காட்சி எனக்கு இன்றைக்கும் கண்ணில் நிற்கிறது. த்தூ.

குளிர்காலம் தொடங்கிய பிறகு நீவெஸ் தலையணையில் ரத்தக் கறை பார்த்தாள். இடது காதிலிருந்து. நான்தான் வைத்தியரிடம் கூட்டிப்போனேன். அவர் காதுக்குள் விளக்கடித்துப் பார்த்தார். "சவ்வு கிழிஞ்சிருக்கு. சும்மா விட்டா தானா சேந்துடும். இன்னொரு அடி பட்டா இந்தக் காதை மறந்துடுங்க. என்ன வேலை பாக்கறீங்க?" என்று கேட்டார். நீவெஸ், "சிரிக்க வைக்கிறேன்" என்றாள். வைத்தியரிடம் டிவிப் பெட்டி இல்லை. ஊரில் அவரிடம் மட்டும்தான் இல்லை போலிருக்கிறது.

அன்று சாயங்காலம் என் எதிரில்தான் நீவெஸ் அக்காவிடம் பேசினாள். அவள் கெஞ்சி நான் பார்த்தது அந்த ஒருதடவைதான்.

"அக்கா, கொஞ்ச நாளைக்குப் பழைய மாதிரி பண்ணலாம்க்கா. நீ காத்துல வீசு. நான் சத்தம் போட்டுக்கறேன். சோபா முதுகுக்குப் பின்னாடி நின்னா கை தெரியாது, நான் யோசிச்சு வெச்சிருக்கேன்."

"தெரிஞ்சா?"

"தெரிஞ்சா தெரியட்டுமே. காது போயிடும்னு சொல்றாரு. காது போனா நான் எப்ப தட்டறதுன்னு எனக்கே தெரியாதுக்கா. எனக்குன்னு இருக்கறது அது ஒண்ணுதான்."

எர்சிலியா அவள் தலையை இழுத்து மார்பில் சாய்த்துக்கொண்டாள். "அழாதேடி. அம்மா மேல சத்தியம், இந்த ஞாயிறு உன் மேல விரல் படாது. போதுமா?" என்றாள். நானும் நம்பினேன். அவள் குரல் அப்படித் தழுதழுத்தது.

ஒத்திகை முழுக்கக் காற்றில்தான் வீசினாள். பெல்லாத்தி அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஐந்து மணிக்குக் கொஞ்சம் முன்னால் ஒப்பனை அறைக்கு வந்தார். நான் எர்சிலியாவுக்குப் புருவம் வரைந்துகொண்டிருந்தேன். சாயம் பூசுகிறவளை மனுஷியாக யாரும் நினைப்பதில்லை. என் தலைக்கு மேலேயே பேசினார்.

"அடுத்த வருஷம் நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்க ஒரு அம்மா தேவைப்படுது. உங்க பேரைச் சொல்லி வெச்சிருக்கேன். மேலிடத்தில இன்னிக்குப் பாக்கறாங்க. நல்லாப் பண்ணுங்க."

அவ்வளவுதான் சொன்னார். அடி என்று சொல்லவில்லை. அந்த ஆள் எப்போதும் அப்படித்தான், கையில் எதுவும் ஒட்டாது. எர்சிலியா என் கண்ணைப் பார்க்கவில்லை. எழுந்து போகும்போது கார்க்கை எடுத்துக்கொண்டு போனாள்.

நான் பின்னால் ஓடினேன், "நீவெஸ், ஜாக்கிரதை" என்று சொல்ல. சிவப்பு விளக்கு எரிந்துவிட்டது. தடுத்துவிட்டார்கள்.

நீவெஸ் சோபாவுக்குப் பின்னால் போய் அழகாக நின்றாள், கைகளைத் தயாராக வைத்துக்கொண்டு. காற்றில் வரும் கைக்குக் காத்திருந்ததால் முகத்தை விலக்கவும் இல்லை. எர்சிலியா முழுத் தோளையும் திருப்பி ஓங்கி ஒன்று வைத்தாள். நீவெஸ் விழுந்தாள். கன்னத்தில் ஐந்து விரல் கறுப்பாகப் பதிந்திருந்தது. கூடம் ஆர்ப்பரித்தது. எழுந்து, பாக்கி வசனத்தைச் சொன்னாள், தலைகுனிந்து வணங்கினாள், வந்து என் நாற்காலியில் உட்கார்ந்தாள். அவள் கன்னத்தைத் துடைத்துக்கொண்டே நான் எர்சிலியாவை வாய்க்கு வந்தபடி திட்டினேன். அவள் இடது பக்கமாக நின்று திட்டினேன். நீவெஸ் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, "இன்னொரு பக்கம் வந்து சொல்லுங்கக்கா" என்றாள்.

எர்சிலியாவாக வந்து, "வேகத்துல பட்டுடுச்சுடி" என்றாள். "சரிக்கா" என்றாள் இவள். எனக்கு வந்த கோபத்தில் இருவரையும் பிடித்து உலுக்கவேண்டும் போல இருந்தது.

அடுத்த ஞாயிறும் வந்தது. பெரியம்மா வசனம் வந்தது. எர்சிலியா கையை ஓங்கினாள், வீசினாள். நீவெஸ் தலையை ஒரு அங்குலம் பின்னுக்கு இழுத்தாள். மேடையில் பதினைந்து வருஷம் இருந்த அதே ஒரு அங்குலம். கை காற்றை வெட்டிக்கொண்டு போயிற்று. சத்தம் வரவில்லை. நீவெஸ் ஒன்றும் நடக்காத மாதிரி நின்றாள்.

எர்சிலியா என்ன செய்திருக்கவேண்டும்? எதையாவது உளறிச் சமாளித்திருக்கலாம். ஆனால் பதினைந்து வருஷப் பழக்கம் அவள் எலும்பில் இருந்தது. சத்தம் வராவிட்டால் கையைத் திருப்பிப் பார்க்கவேண்டும். பார்த்தாள். ஒரு உதறு உதறிவிட்டு மறுபடி பார்த்தாள். கறுகறுவென்று கரி பூசிய உள்ளங்கை, காமெராவுக்கு நேரே, நாடு முழுக்க.

நீவெஸ் தட்டை எடுத்துக்கொண்டு நடந்தாள். மெதுவாக நடந்து நடுக் காமெராவுக்கு முன்னால் வந்து நின்றாள். தட்டைக் கக்கத்தில் இடுக்கினாள். இரண்டு கைகளையும் முகத்துக்கு நேரே தூக்கி, விரித்து, எல்லாருக்கும் காட்டினாள். காத்திருந்தாள். ஒற்றைக் காதால் கூடத்தின் மூச்சைக் கேட்டாள் என்று நினைக்கிறேன். அப்புறம் 'டப்!'

விழவில்லை. நின்றாள்.

முதலில் சிரித்தது மேலே ஏணியில் விளக்குப் பிடித்திருந்த ஆள், கொட்டகையிலிருந்து வந்தவர். பிறகு பின்வரிசை. பிறகு கூடம் முழுக்க. அது பழைய சிரிப்பு. டிவிக்கு வந்தபின் நான் ஒரு நாளும் கேட்காத சிரிப்பு. பெல்லாத்தி மேலே கண்ணாடிக் கூண்டில் கையை ஆட்டு ஆட்டென்று ஆட்டினார். ஆடுகிற பெண்களை ஓடவிட்டுக் காட்சியை மாற்றினார்கள்.

இதோடு முடிந்திருந்தால் நான் சந்தோஷமாகவே இதைச் சொல்லியிருப்பேன். பார்த்த ஜனங்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? நிலையத்துக்குத் தொலைபேசி ஓயாமல் அடித்தது. எனக்குப் பக்கத்து அறைதான். 'ஐயோ, அந்தப் பெண்ணை நிஜமாகவா அடித்தீர்கள்' என்று ஒருவர்கூடக் கேட்கவில்லை. "இத்தனை நாளா பொய்யாவா அடிச்சீங்க? கையில சாயம் பூசிக்கிட்டு ஏமாத்தினீங்களா?" என்று கேட்டார்கள். கரி பூசிய கையைப் பார்த்தார்கள், தட்டிய கைகளைப் பார்த்தார்கள், எல்லாமே வெறும் வேஷம் என்று முடிவு கட்டிவிட்டார்கள். ஒரு காதைத் தொலைத்தவள் அவர்களை ஏமாற்றிவிட்டாளாம். மறுநாள் ரொட்டிக் கடைக்காரி நீவெஸிடம், "நல்லா முட்டாளாக்கினேடிம்மா எங்களை" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

பெல்லாத்திக்கு அது போதும். பார்ப்பவர்களின் நம்பிக்கையைக் கெடுத்ததற்காக நீவெஸை வெளியே அனுப்பினார். நான் என் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அவளோடு வெளியே வந்தேன். எர்சிலியா வரவில்லை.

இனி சொல்லப்போவதை நம்பினால் நம்புங்கள். வசந்தத்தில் கவாட்ஸா சகோதரிகள் மறுபடி டிவியில் வந்தார்கள். எர்சிலியாவும், பெர்கமோவிலிருந்து பிடித்து வந்த ஒரு பெண்ணும். அதே பொய்முடி, அதே கவுன், அதே தட்டு. பெயரும் நீவெஸ் என்றே சொன்னார்கள். நானும் நிஜ நீவெஸும் அன்று மதுக்கடையில் ஒரு மூலையில் இருந்தோம். அறை விழுந்தது. கடை குலுங்கியது. "சின்னவ குளிர்காலத்தில ஒரு சுத்துப் பெருத்துட்டா" என்றான் ஒருவன். அவ்வளவுதான் கண்டுபிடித்தான். நீவெஸ் அவனுக்கு இரண்டு நாற்காலி தள்ளி உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டிருந்தாள்.

எர்சிலியாவுக்குத் தொகுத்து வழங்கும் வேலை கிடைக்கவில்லை. அதற்கு ஒரு மெல்லிய பெண்ணைப் போட்டார்கள். எர்சிலியா அறைந்துகொண்டே இருந்தாள், ஜனங்களுக்குச் சலிக்கும்வரை. நீவெஸ் பொத்தான், நாடா விற்கிற கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். வாடிக்கையாளர்கள் வலது பக்கம் வரும்படி மேஜையைத் திருப்பிப் போட்டுக்கொண்டாள். அங்கேயும் சிரிக்க வைத்தாள். ஆனால் கடை நிறைய ஆள் இருந்தால் பேசமாட்டாள். எந்தச் சத்தம் எங்கிருந்து வருகிறதென்று அவளுக்குப் பிடிபடுவதில்லை. மூச்சைக் கேட்டவள் அவள்.

அக்காவும் தங்கையும் பேசிக்கொள்ளவே இல்லை. சில வருஷம் கழித்து அவர்கள் அம்மா செத்துப்போனாள். போ நதிக்கரையில் அவர்கள் ஊரில் அடக்கம். பனிமூட்டம், சேறு. சவ வண்டிக்குப் பின்னால் நீவெஸ் தனியாக நடந்தாள். நான் ஒரு எட்டு பின்னால் வந்தேன். அவளுக்கு இரண்டு பக்கமும் காலி.

எர்சிலியா காரில் தாமதமாக வந்து இறங்கினாள். நரித்தோல் காலர் கொஞ்சம் முடி உதிர்ந்திருந்தது. வேகமாக நடந்து எங்களை எட்டிப் பிடித்தாள். தங்கைக்குப் பின்னால் ஒரு நிமிஷம் தயங்கினாள். வலது பக்கம் பார்த்தாள், இடது பக்கம் பார்த்தாள். நான் கண்ணால் கண்டதைச் சொல்கிறேன். பார்த்துவிட்டு இடது பக்கம் போய்ச் சேர்ந்துகொண்டாள்.

கல்லறை வாசல் வரைக்கும் பேசினாள். தாழ்ந்த குரலில், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு. "நீவெஸ், நான் பாவிடி. அம்மா மேல சத்தியம் பண்ணிட்டு அன்னிக்குக் கை வெச்சேன். அவன் கேட்டான், எனக்கும் ஆசை விடல. கைதட்டல் கேக்க கேக்க எனக்கு உன் முகமே தெரியாமப் போச்சுடி. என்னை மன்னிச்சுடு" என்றாள். நல்ல வார்த்தைகள்தான். ஒவ்வொன்றும் என் காதில் விழுந்தது. நீவெஸ் முன்னால் பார்த்துக்கொண்டு நடந்தாள். பேசி முடித்ததும் எர்சிலியா மூக்கைச் சிந்தினாள். பாரம் இறங்கியவளாகப் பெருமூச்சு விட்டாள். மண் போட்டதும் தங்கையின் தோளைத் தட்டிக்கொடுத்துவிட்டுக் காருக்குப் போய்விட்டாள். வாழ்க்கையில் எத்தனையோ அசிங்கம் பார்த்திருக்கிறேன். அந்தப் பெருமூச்சைப்போல ஒன்று எனக்கு அருவருப்பூட்டியதில்லை.

கார் புறப்பட்ட பிறகு நான் நீவெஸின் வலது பக்கம் வந்தேன்.

"உங்கக்கா வழியெல்லாம் பேசிக்கிட்டே வந்தா, தெரியுமா?"

"தோள் உரசுச்சு. பேசறான்னு தெரிஞ்சுது."

"மன்னிப்புக் கேட்டாடி. என்ன சொன்னான்னு சொல்லட்டுமா?"

நீவெஸ் செருப்பிலிருந்த சேற்றைக் கல்லில் தேய்த்தாள்.

"வேணாங்கக்கா. எந்தக் காதுன்னு அவளுக்குத் தெரியும், அவதானே மூடினா. என் காதுல விழணும்னு நெனச்சிருந்தா, நீங்க வந்த மாதிரி இந்தப் பக்கம் வந்திருப்பா."